தம்பி வரைந்த நிலம்

நாகர்கோவிலில் காலை ரயிலைப் பிடித்தால், வெயில் ஏறுவதற்குள் திருவனந்தபுரத்தில் இறங்கிவிடலாம். தம்பானூரிலிருந்து பாளையம் தாண்டினால் மியூசியம் வளாகம். அதன் பழைய கதையில் ஸ்காட்லாந்துக்காரர்கள் இருவர் உண்டு. 1857இல் திறந்த முதல் அருங்காட்சியகத்தோடு சேர்ந்து பேசப்படுபவர், டம்ஃப்ரீஸில் பிறந்த வானியலாளர் ஜான் ஆலன் பிரௌன். ராபர்ட் சிஷோம் வடிவமைத்து 1880இல் முடிந்த இன்றைய கட்டடம், மற்றவரான, சென்னை ஆளுநராக இருந்த நேப்பியர் பிரபுவின் பெயரைத் தாங்கி நிற்கிறது.

அவர்கள் ஊரில் நிலக்காட்சி ஓவியருக்குத் தனி மரியாதை உண்டு. ஹொரேஷியோ மெக்கல்லோக் 1864இல் வரைந்த ‘கிளென்கோ’வில் மலைதான் நாயகன். திருவிதாங்கூரில் மலைக்கும் ஆற்றுக்கும் அந்த இடத்தைக் கொடுத்தவர் சி. ராஜராஜ வர்மா. ரவி வர்மாவின் தம்பி. அவரைத் தேடித்தான் வந்திருந்தேன்.

1860இல் கிளிமானூரில் பிறந்தவர். அண்ணனைவிடப் பன்னிரண்டு வயது இளையவர். ரவி வர்மாவுக்கு முதலில் ஓவியம் கற்றுக்கொடுத்த மாமாவுக்கும் ராஜராஜ வர்மா என்றே பெயர் என்பதால், தம்பியைப் பலர் மாமாவோடு குழப்பிக்கொள்கிறார்கள். பரோடா, பம்பாய், மைசூர் என்று அண்ணன் போன இடமெல்லாம் தம்பியும் போனார். கடிதம், கணக்கு, வாடிக்கையாளர் பேச்சு என்று பாதிச் சுமை அவர் தலையில். இதற்கு நடுவே ஆங்கிலத்தில் நாட்குறிப்பும் எழுதினார். அது இல்லையென்றால் ரவி வர்மாவின் கடைசிப் பத்தாண்டுகளைப் பற்றி நமக்குக் கொஞ்சம்தான் தெரிந்திருக்கும்.

அன்றைய அரண்மனைகள் காசு கொடுத்தது உருவப்படத்துக்கும் புராணத்துக்கும்தான். நிலத்தை மட்டும் வரைந்தால் வாங்க ஆளில்லை. ஆனாலும் ராஜராஜ வர்மா நிலக்காட்சிகளை விடவில்லை. அண்ணனின் பல படங்களில் பின்னணியைத் தீட்டியதும் அவர்தான். இருவரும் சேர்ந்து உழைத்த படங்கள் ஒருவர் பெயரில் நிலைத்துவிட்டன.

மியூசியம் வளாகத்திலேயே 1935இல் தொடங்கிய ஸ்ரீசித்ரா கலைக்கூடத்தின் சேகரிப்பில் தம்பியின் படங்களும் உண்டு, தங்கை மங்களா பாயியின் படமும் உண்டு. ரவி வர்மாவுக்கென்று 2023இல் பக்கத்திலேயே தனிக்கூடம் திறந்திருக்கிறார்கள். 1898இல் வரைந்த சகுந்தலை முன்னால் எப்போதும் கூட்டம். காலில் முள் தைத்ததாகப் பாவனை செய்து திரும்பிப் பார்க்கும் அவள் முகத்தோடு எல்லோரும் நகர்ந்துவிடுகிறார்கள். அவளுக்குப் பின்னால் இருக்கும் காட்டைக் கொஞ்சம் பாருங்கள். அந்தக் காடு இல்லாமல் அந்தப் பாவனைக்கு இடமே இல்லை.

1905இல் தம்பி இறந்தார். அடுத்த ஆண்டு அண்ணனும் போய்விட்டார். ரவி வர்மாவைக் கொண்டாடுவதில் தப்பில்லை. தம்பியைச் சேர்க்காமல் கொண்டாடுவது பாதிக் கணக்கு. கிளிமானூர் இங்கிருந்து சுமார் 40 கி.மீ.தான், அதையும் சேர்த்துத் திட்டமிடுங்கள். திங்கட்கிழமை மட்டும் வேண்டாம். மியூசியத்துக்கு அன்று விடுமுறை.