பெய்த மழையும் பெய்யாத மழையும்

கல்வராயன் மலையடியிலுள்ள கச்சிராயபாளையத்தில், கோமுகி அணைக்கரையில் நிற்கும்போதெல்லாம் நம் கண் மலைமேல் தவழும் மேகத்தையே நாடும். அணை நிரம்பினால் நெல்; நிரம்பாவிடில் மரவள்ளி, அன்றேல் தரிசு. இரண்டில் ஒன்றே நிகழும் என்பது நம் துணிபு.

அமெரிக்க இயற்பியலர் ஹ்யூ எவரெட் 1957-இல் தம் ஆய்வேட்டில் வேறு கூறினார். அணுவுலகில் ஒரு நிகழ்வுக்குப் பல விளைவுகள் இயலுமாயின், அவை அனைத்துமே இணையான கிளைகளில் நிகழ்கின்றன என்பது அவர் கொள்கையின் சாரம். கேட்க இனிமைதான்! ஆயின் எல்லாமே நிகழ்ந்துவிடும் எனில், 'பத்தில் ஒரு வாய்ப்பு' என்னும் சொல்லுக்குப் பொருள் யாது? கிளைகளுக்கு எடை வகுத்து விடைகாண முயன்றார் எவரெட். அறிஞரிடையே அவ்வழக்கு இன்னும் தீர்ந்தபாடில்லை.

சென்னையில் 1940-இல் பிறந்த எஸ்.ஆர். சீனிவாச வரதன் சென்ற வழி வேறு. அரிதாக நிகழ்வன எத்துணை அரியவை என்று அளக்கும் கணிதத்தை வளர்த்து, 2007-இல் ஏபெல் பரிசு பெற்றார். நம் மனம் இவர் பக்கமே சாய்கிறது. வேறோர் உலகில் கோமுகி நிரம்பி வழிகிறது என்று, நாற்றங்காலருகே நிற்கும் உழவரிடம் எவ்வாறு சொல்வது? இந்த ஐப்பசியில், இந்த மலையில் பெய்யுமா என்பதே அவர் கேள்வி.