எந்தப் புதூர்?

உங்களுக்கு ஒரு சின்னப் பரீட்சை. உங்கள் குலதெய்வத்துக்கு என்ன படைப்பார்கள்? கல்யாணப் பந்தக்காலை எந்தத் திசையில் நடுவார்கள்? தாத்தா செத்தபோது என்னென்ன சடங்கு செய்தார்கள்?

'அம்மாவைக் கேட்டுச் சொல்றேனே' என்கிறீர்களா? பரவாயில்லை. பதில் தெரியாததால் உங்களுக்கு வேலை போகாது. என் நண்பருக்குப் போகும்.

நண்பர் காட்டுநாயக்கன் சமூகம். பழங்குடிப் பட்டியலில் இருப்பது. எண்பதுகளில் தாசில்தார் கொடுத்த சான்றிதழோடு அரசு வேலையில் சேர்ந்தவர். (1989 நவம்பருக்குப் பிறகுதான் தமிழ்நாட்டில் பழங்குடிச் சான்றிதழ் ஆர்.டி.ஓ. கைக்குப் போனது.) ரிட்டையராக எட்டு மாதம் இருக்கும்போது, சான்றிதழ் மெய்தானா என்று விசாரிக்க ஓலை வந்தது. "துணைக்கு வாங்க சார்" என்றார். போனேன்.

காலை பத்து மணிக்கு வரச்சொல்லிவிட்டு, நாலு மணிக்கு உள்ளே கூப்பிட்டார்கள். பத்தே நிமிஷம். வெளியே வந்தவருக்கு முகம் வெளுத்திருந்தது.

"முயலுக்கு எப்படிக் கண்ணி வைப்பீங்கன்னு கேட்டாங்க சார். முப்பது வருஷமா லெட்ஜர் எழுதறவன்கிட்ட! சாமிக்கு ஆடு வெட்டுவோம்னேன். 'அது எல்லாரும் வெட்டறதுதானே'ன்னு சிரிச்சாங்க. ஊர்ல விசாரிச்ச ரிப்போர்ட்டும் எனக்கு எதிரா இருக்காம். என்ன எழுதியிருக்குன்னு கேட்டா, காட்ட முடியாதாம்."

விசாரிக்கவே கூடாது என்று நான் சொல்லமாட்டேன். போலிச் சான்றிதழில் ஒருவர் உட்காரும் நாற்காலி, எங்கோ ஒரு நிஜமான பழங்குடிப் பிள்ளையிடமிருந்து பிடுங்கியது. எத்தனை வருஷம் வேலை பார்த்திருந்தாலும், சான்றிதழ் பொய் என்றால் வேலை நிற்காது என்று 2017-ல் உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. தண்டனை அத்தனை பெரிது என்றால், விசாரணை எத்தனை ஒழுங்காக இருக்கவேண்டும்?

அந்த ஒழுங்கையும் உச்ச நீதிமன்றமே வகுத்திருக்கிறது. 1994, மாதுரி பாட்டீல் வழக்கு. மகாராஷ்டிரத்தைச் சேர்ந்த இரு சகோதரிகள் பழங்குடி என்று கோரியது அதில் ஏற்கப்படவில்லை. ஆனாலும் அதே தீர்ப்பில் பதினைந்து நெறிமுறைகள். விசாரிப்பவர் சொந்த ஊருக்கே நேரில் போகவேண்டும். அறிக்கை பாதகமாக இருந்தால் அதன் நகலோடு நோட்டீஸ் தரவேண்டும். பதில் சொல்ல இரண்டு வாரம், கேட்டால் முப்பது நாள் வரை அவகாசம். இரண்டு மாதத்துக்குள் விசாரணையை முடிக்கவேண்டும். தோற்றவர்கள் வழக்கில் பிறந்த நியாயம் இது!

கண்ணி, குலதெய்வம் சமாசாரத்துக்கும் பதில் உண்டு. பழக்கவழக்கம் தெரியுமா என்ற சோதனையை மட்டுமே உரைகல்லாக வைக்கக்கூடாது என்று 2023-ல் மூன்று நீதிபதிகள் அமர்வு சொன்னது. பள்ளிக்கூடம் போய், பட்டணத்தில் வளர்ந்தவனுக்குக் கண்ணி எங்கே தெரியும்? படிக்கத்தானே இடஒதுக்கீடு கொடுத்தோம்?

இதையெல்லாம் குறிப்பிட்டு, நகல் கேட்டு மனு எழுதினோம். மூன்று முறை. நாலாவதற்கு வந்தது. இரண்டே பக்கம். 'புதூர் கிராமத்தில் விசாரித்ததில், இப்படி ஒரு குடும்பத்தை யாருக்கும் தெரியவில்லை.'

நண்பர் ஒரு தடவை படித்தார். மறுபடி படித்தார். பிறகு சிரிக்க ஆரம்பித்தார். "சார், இது எங்க புதூர் இல்ல. தாலுகாவே வேற!"

தமிழ்நாட்டில் புதூர் இல்லாத தாலுகா உண்டா, சொல்லுங்கள். அந்தப் புதூர்க்காரர்கள் பொய் சொல்லவில்லை. விசாரித்தவரும் வேண்டுமென்று செய்திருக்கமாட்டார். ஆனால் அந்தத் தவறு சம்பந்தப்பட்டவன் ஒருவன் கண்ணுக்குத்தான் தெரியும். அவனிடம்தான் காகிதத்தைக் காட்டமாட்டேன் என்கிறோம்.

பதில் கொடுத்தார். மறுவிசாரணைக்கு உத்தரவானது. அதற்குள் ரிட்டையரும் ஆகிவிட்டார். மாலை போட்டார்கள், பணம் மட்டும் நிற்கிறது. சரியான புதூருக்கு இன்னும் யாரும் போகவில்லை.

யாரையாவது 'போலி சர்ட்டிபிகேட்' என்று பேப்பரில் படித்தால், உச்சுக் கொட்டுவதற்கு முன் ஒன்று கேளுங்கள். அந்த ஆளுக்கு ரிப்போர்ட்டைக் காட்டினார்களா?