பழைய பாறை

2011இல் வெளிவந்த ஸ்கைரிம் என்ற கணினி விளையாட்டுக்கு ரசிகர்களே எழுதிச் சேர்க்கும் நிரல்களை ‘மாட்’ என்பார்கள். அவற்றுள் நூற்றுக்கும் மேற்பட்டவற்றைக் கோத்து, செங்கல்பட்டில் நானும் வெளியூரில் படிக்கும் என் அண்ணன் மகனும் சேமிப்புக் கோப்பை மாறி மாறி அனுப்பி, மூன்றாண்டுகளாக ஒரே ஆட்டத்தைத் தொடர்கிறோம். எங்களிடையே எஞ்சியிருக்கும் உரையாடல் பெரும்பாலும் அதுவே. எனவே புதிய பதிப்பு குறித்த அறிவிப்பு எனக்கு அச்சமூட்டுகிறது.

அச்சம் வீணன்று. 2021 நவம்பர் 11இல் அவ்விளையாட்டின் மூலநிரல் புதுப்பிக்கப்பட்டபோது, அதைச் சார்ந்திருந்த மாட்கள் பல செயலிழந்தன. 2024 ஏப்ரலில் ஃபால்அவுட் 4க்கும் அதுவே நேர்ந்தது. அதன்மேல் எழுப்பப்பட்ட ‘ஃபால்அவுட்: லண்டன்’ ஜூலைக்குத் தள்ளிப்போயிற்று.

மாமல்லபுரம் கடற்கரைக் கோயிலில் இரு சிவன் சன்னதிகளுக்கு நடுவே, தரைப்பாறையிலேயே செதுக்கப்பட்ட பள்ளிகொண்ட பெருமாள் இருக்கிறார். அவர் கோயிலுக்கு முந்தையவர் என்பது அறிஞர் பலரின் கருத்து. ராஜசிம்மனின் சிற்பிகள் அந்தப் பாறையை அகற்றவில்லை. அதற்கு இடம்விட்டுக் கட்டினார்கள்.

நாங்களும் அப்படியே செய்கிறோம். சேமிப்புக் கோப்புகளையும் மாட் தொகுப்பையும் முதலில் வேறு வட்டில் நகலெடுக்கிறோம். தானாகப் புதுப்பிக்கும் வசதியை நிறுத்திவைக்கிறோம். மாட் ஆசிரியரின் குறிப்பைப் படித்தபின், ஒவ்வொன்றாக மாற்றித் தனி ஆட்டத்தில் சோதிக்கிறோம். நடு ஆட்டத்தில் எதையும் நீக்குவதில்லை. நீக்கிய நிரலின் எச்சம் சேமிப்பிலேயே தங்கிவிடும்.

கல்லில் கைவைத்தால் மீட்பில்லை. நகல் இருக்கும்வரை எங்களுக்கு உண்டு.