மஞ்சப்பைக்குள் ஆறு அட்டை

அந்தத் தெருவில் அவரை எல்லோரும் டீச்சரம்மா என்றுதான் கூப்பிடுவார்கள். மன்னார்குடிப் பக்கம் ஓர் ஊர். முப்பது வருடம் ஆரம்பப் பள்ளியில் அ, ஆ சொல்லிக் கொடுத்தவர். வயது 74. எடை 45 கிலோ. ஒரு மார்கழியில் கணவர் தவறிப்போனார்.

அதற்கப்புறம் டீச்சரம்மா அழவே இல்லை. "கல்லு மனசு" என்று சொந்தக்காரர்கள் பேசிக்கொண்டார்கள். ஆனால் மூன்றே மாதத்தில் ஆள் பாதியாகிவிட்டார். காலையில் ஒரு டீ, இரண்டு ரஸ்க். மதியம் ஒரு கரண்டி ரசம் சாதம். ராத்திரிக்கு மறுபடியும் டீ. விடியற்காலை மூன்று மணிக்கு முழிப்பு வந்தால் அப்புறம் தூக்கம் கிடையாது. பேப்பர் வாசலிலேயே கிடக்கும். என்ன செய்கிறது என்று கேட்டால், "நெஞ்செல்லாம் எரியுது, கை காலெல்லாம் குடைச்சல்" என்பார். மனசு சரியில்லை என்று ஒரு நாள்கூடச் சொன்னதில்லை.

வயதானவர்களுக்கு மனச்சோர்வு பெரும்பாலும் இப்படித்தான் வருகிறது. அழுகையாக வராமல் எரிச்சலாக, மலச்சிக்கலாக, தலைசுற்றலாக, மறதியாக வரும். அதனால்தான் 1980-களில் அமெரிக்காவில் யெசவேஜ் என்பவரும் அவருடைய குழுவினரும் முதியோருக்கென்று ஒரு கேள்வித்தாள் தயாரித்தபோது, உடம்பு வலி, தூக்கம் பற்றிய கேள்விகளை வேண்டுமென்றே விட்டுவிட்டார்கள். 74 வயதில் யாருக்குத்தான் முட்டி வலிக்காது? அதன் சுருக்கமான வடிவத்தில் மொத்தம் 15 கேள்விகள். ஆமாம், இல்லை என்று பதில் சொன்னால் போதும். வாழ்க்கை வெறுமையாக இருப்பதாகத் தோன்றுகிறதா, பிடித்த வேலைகளை விட்டுவிட்டீர்களா என்கிற மாதிரிக் கேள்விகள்.

டீச்சரம்மாவை மகள் ஒரு மனநல மருத்துவரிடம் கூட்டிப்போனார். பொறுமையாகக் கேட்டுவிட்டு டாக்டர் எஸ்சிட்டாலோபிராம் எழுதினார். முதல் வாரம் 5 மில்லிகிராம், பிறகு 10. மிக நியாயமான அளவு. வயதானவர்களுக்கு இந்த மருந்தில் 10-க்கு மேல் போவது வழக்கமில்லை.

பன்னிரண்டாம் நாள் டீச்சரம்மா பேத்தியைத் தன் தங்கை பெயரைச் சொல்லிக் கூப்பிட்டார். பதிமூன்றாம் நாள் நடை தள்ளாடியது. "வயசாச்சுல்ல" என்றார் பக்கத்து வீட்டுக்காரர். "மாத்திரை பத்தலையோ, இன்னும் ஒண்ணு சேத்துக் குடுத்துப் பாக்கலாமா" என்று மகள் யோசித்தார். நல்லவேளை, கொடுக்கவில்லை. பதினைந்தாம் நாள் ராத்திரி பாத்ரூம் போகும்போது விழுந்தார். தஞ்சாவூர் கொண்டுபோனார்கள். எலும்பு முறியவில்லை. ஆனால் ரத்தத்தில் சோடியம் 118. இருக்க வேண்டியது 135-லிருந்து 145 வரை.

உப்பு எங்கே போனது?

"பி.பி.-க்குன்னு உப்பைக் குறைச்சோமே, அதான்" என்று வீட்டில் எல்லோரும் முடிவு செய்தார்கள். அதில் கொஞ்சம்தான் உண்மை. எஸ்சிட்டாலோபிராம், செர்ட்ராலின், ஃப்ளூவாக்செட்டின் போன்ற மாத்திரைகள் எஸ்எஸ்ஆர்ஐ என்ற வகை. இவை சிலருக்கு, அதிலும் வயதான, ஒல்லியான பெண்களுக்கு, சிறுநீரைக் கட்டுப்படுத்தும் ஹார்மோனை அளவுக்கு மீறிச் சுரக்க வைத்துவிடும். சிறுநீரகம் தண்ணீரை வெளியே விடாமல் பிடித்துவைத்துக்கொள்ளும். குழம்பில் ஒரு சொம்புத் தண்ணீர் ஊற்றினால் என்ன ஆகும்? போட்ட உப்பு அப்படியேதான் இருக்கிறது, ருசிதான் நீர்த்துப்போகிறது. ரத்தத்திலும் அதுதான் நடக்கிறது. மூளை செல்களுக்குள் தண்ணீர் புகுந்து வீங்கும். குழப்பம், தள்ளாட்டம், முற்றினால் வலிப்பு. பெரும்பாலும் மருந்து தொடங்கிய முதல் இரண்டு, மூன்று வாரத்திற்குள் இது வரும்.

டீச்சரம்மா விஷயத்தில் இன்னொரு கூட்டாளியும் இருந்தது. அதைக் கண்டுபிடித்தது பேத்திதான். பீரோவுக்குப் பக்கத்து ஆணியில் தொங்கிய மஞ்சப்பையை எடுத்துக் கட்டிலில் கொட்டினாள். ஆறு அட்டை விழுந்தது.

ஒன்று, டாக்டர் எழுதிய எஸ்சிட்டாலோபிராம். இரண்டு, பி.பி. மாத்திரை. அதன் பின்பக்கம் சின்ன எழுத்தில் டெல்மிசார்ட்டனோடு ஹைட்ரோகுளோரோதையசைடு என்று இருந்தது. இந்த இரண்டாவது மருந்து சிறுநீர் வழியாகச் சோடியத்தை வெளியேற்றுவது. மூன்று, இதயத்துக்காக ஆஸ்பிரின் 75. நான்கு, முட்டி வலிக்கு மருந்துக்கடையில் கேட்டு வாங்கிய டைக்ளோஃபெனாக். ஐந்து, கால் எரிச்சலுக்கு எப்போதோ யாரோ எழுதிய அமிட்ரிப்டிலின் 10, "தூக்கம் வர்ற மாத்திரை" என்ற பெயரில். ஆறு, கால்சியம்.

மனநல மருத்துவருக்குத் தெரிந்தது ஒன்றே ஒன்று, அவர் எழுதியது. "வேற மாத்திரை ஏதாவது சாப்பிடுறீங்களா" என்று அவர் கேட்டிருக்கிறார். "பி.பி.-க்கு ஒண்ணு" என்று டீச்சரம்மா சொல்லியிருக்கிறார். பொய்யில்லையே! ஒரு மாத்திரைதான். அதற்குள் இரண்டு மருந்து இருப்பது அவருக்கு எப்படித் தெரியும்?

பையில் இருந்த மற்றவர்கள்

டைக்ளோஃபெனாக் ஒன்றும் சாதுவில்லை. ரத்தம் உறைய வேண்டுமானால் தட்டணுக்களுக்குச் செரட்டோனின் தேவை. அதை அவை உள்ளே இழுத்துக்கொள்ளும் வழியைத்தான் எஸ்எஸ்ஆர்ஐ மாத்திரை அடைக்கிறது. கூடவே ஆஸ்பிரினும் வலி மாத்திரையும் சேர்ந்தால் வயிற்றில் ரத்தக்கசிவு வரும் வாய்ப்பு கூடுகிறது. வலிக்கு டிராமடால் சாப்பிட்டால் அது வேறு வகைத் தொல்லை. இரண்டும் சேர்ந்து செரட்டோனினை ஏற்றிவிட்டுக் காய்ச்சல், நடுக்கம், படபடப்பு வரை கொண்டுபோகலாம்.

அமிட்ரிப்டிலின் பழைய தலைமுறை மருந்து. மனச்சோர்வு மருந்துகளின் கதையே 1950-களில்தான் தொடங்குகிறது. காசநோய்க்குக் கொடுத்த ஐப்ரோனியாசிட், நோயாளிகளை உற்சாகமாக்கியதைக் கவனித்தார்கள். 1957-ல் சுவிட்சர்லாந்தின் ரோலண்ட் குன், இமிப்ரமின் மனச்சோர்வைக் குறைப்பதை எழுதினார். அமிட்ரிப்டிலின் அதன் தம்பி. நல்ல மருந்துதான், ஆனால் முதிய உடம்புக்கு முரடு. வாய் உலரும், மலம் கட்டும், சிறுநீர் அடைக்கும், எழுந்து நின்றால் பி.பி. இறங்கும், புத்தி தடுமாறும். முதியவர்களுக்குத் தவிர்க்க வேண்டிய மருந்துகளை மார்க் பியர்ஸ் என்ற அமெரிக்க மருத்துவர் 1991-ல் பட்டியல் போட்டார். 2023 வரை திருத்தித் திருத்தி வெளியிட்டிருக்கிறார்கள். அமிட்ரிப்டிலின் அந்தப் பட்டியலில் நிரந்தர உறுப்பினர். பரோக்செட்டினும் அதில் உண்டு.

நம் ஊர் மருந்துக்கடைகளில் இன்னொரு வகை சகஜம். எஸ்சிட்டாலோபிராமும் குளோனாசெபமும் ஒரே மாத்திரையில் இருக்கும். முதல் நாளே தூக்கம் வருவதால் எல்லோருக்கும் பிடித்துப்போகிறது. ஆனால் முதியவர்களை ராத்திரியில் விழவைப்பதில் குளோனாசெபம் வகைக்குத் தனிப் பெயர் உண்டு. ஒன்றைக் கூட்டி மற்றதைக் குறைக்கவும் வழியில்லை. மாத்திரையைப் பாதியாக உடைத்தால் இரண்டுமே பாதியாகும்.

"இனிமே அந்த மாத்திரையே வேண்டாம்"

ஆஸ்பத்திரியில் எஸ்சிட்டாலோபிராமையும் தையசைடையும் நிறுத்தினார்கள். தண்ணீரை அளந்து கொடுத்தார்கள். சோடியத்தை மெதுவாக, ஒரு நாளைக்கு 8-க்கு மேல் ஏறாதபடி கவனித்து ஏற்றினார்கள். அவசரப்பட்டு ஏற்றினால் மூளையின் நரம்பு உறையே கெட்டுவிடும். ஆறாம் நாள் டீச்சரம்மா பேத்தியைச் சரியான பெயரில் கூப்பிட்டார்.

வீட்டுக்கு வந்ததும் சண்டை ஆரம்பித்தது. மனசுக்கென்று இனி ஒரு மாத்திரையும் தொடக்கூடாது என்றார் மருமகன். "பட்டது போதும். அத்தைக்கு எல்லாம் தானா சரியாயிடும்." மகளும் தலையாட்டினார். யாரும் டீச்சரம்மாவைக் கேட்கவில்லை.

அன்று ராத்திரி அவர் பேத்தியிடம் சொன்னார், "நான் இருந்து என்னடி பண்ணப்போறேன்."

"ஏன் அம்மாச்சி இப்படிப் பேசுறே" என்று சொல்லிவிட்டுப் போயிருக்கலாம். முக்கால்வாசி வீடுகளில் அப்படித்தான் போய்விடுகிறோம். அவள் போகவில்லை. பக்கத்தில் உட்கார்ந்து, "செத்துப்போயிடலாம்னு தோணுதா அம்மாச்சி?" என்று நேராகவே கேட்டாள். கொஞ்ச நேரம் பதில் இல்லை. பிறகு, "ராத்திரி மூணு மணிக்குத் தோணும். விடிஞ்சா போயிடும்" என்றார். அப்படிக் கேட்டால் இல்லாத எண்ணத்தை விதைத்துவிடுவோம் என்று பயப்படத் தேவையில்லை. கேட்பதால் அந்த ஆபத்து கூடுவதில்லை. கேட்காமல் விடுவதில்தான் ஆபத்து.

மறுநாள் காலை மகளும் பேத்தியும் டீச்சரம்மாவை அதே டாக்டரிடம் கூட்டிப்போனார்கள். இந்த முறை மஞ்சப்பையோடு.

குறைவாகத் தொடங்கு, மெதுவாகப் போ, ஆனால் போ

முதியோர் மருத்துவத்தில் எல்லோரும் சொல்லும் விதி இது. வயதானால் உடம்பில் தண்ணீர் குறைந்து கொழுப்பின் பங்கு கூடுகிறது. ஈரலுக்கு ஓடும் ரத்தம் குறைகிறது. சிறுநீரகம் தளர்கிறது. டீச்சரம்மாவின் கிரியேட்டினின் 1.0. லேப் தாளில் நார்மல் என்றுதான் இருந்தது. ஆனால் வயதையும் எடையையும் சேர்த்து, 1976-ல் வெளிவந்த காக்கிராஃப்ட்-கால்ட் சூத்திரத்தில் போட்டுப் பார்த்தால், நிமிடத்துக்குச் சுமார் 35 மில்லிலிட்டர்தான் வருகிறது. இளவயதில் 100-ஐ ஒட்டி இருப்பது. இளைஞனுக்குச் சாதாரணமான அளவு இவர் உடம்பில் அதிகமாகத் தேங்கிவிடும். அதனால்தான் செர்ட்ராலினை 50-க்குப் பதில் 25-ல் தொடங்குகிறார்கள். சிட்டாலோபிராம் 60 வயதுக்கு மேல் 20 மில்லிகிராமைத் தாண்டக்கூடாது என்று அமெரிக்க மருந்துத் துறை 2012-ல் சொன்னது. காரணம், இதயத் துடிப்பின் தாளம் கெடும் ஆபத்து.

ஆனால் விதியின் கடைசி இரண்டு வார்த்தையைப் பலர் மறந்துவிடுகிறார்கள். பயந்துகொண்டு தொடக்க அளவிலேயே மாதக்கணக்கில் நிறுத்திவைத்தால் பக்கவிளைவுதான் மிச்சம், பலன் கிடைக்காது. பலன் தெரிய நாலு முதல் ஆறு வாரம், முதியவர்களுக்குச் சில சமயம் எட்டு, பன்னிரண்டு வாரம்கூட ஆகும். குணமான பிறகும் முதியவர்களுக்குப் பெரும்பாலும் ஒரு வருடமாவது தொடரச் சொல்கிறார்கள். நிறுத்தும்போதும் படிப்படியாகத்தான். திடீரென்று விட்டால் தலைசுற்றல், குமட்டல், படபடப்பு வரும். அதைப் பார்த்து "மாத்திரைக்கு அடிமையாகிட்டாங்க" என்று வீட்டில் முடிவுகட்டுவார்கள்.

டாக்டர் பையைக் கொட்டிப் பார்த்தார். பி.பி. மாத்திரை அம்லோடிபின் ஆனது. டைக்ளோஃபெனாக்கின் இடத்துக்குப் பாராசிட்டமால் வந்தது. அமிட்ரிப்டிலின் வெளியே போனது. மனச்சோர்வுக்கு மிர்ட்டசபின் 7.5 மில்லிகிராம், ராத்திரியில். தூக்கமும் பசியும் சேர்ந்து வரும், சோடியத்தைக் குறைக்கும் ஆபத்து ஒப்பிட்டால் குறைவு. குறைவு என்றாலும் இல்லை என்று ஆகாது. அதனால் ஒரு வாரத்தில் சோடியம் பார்த்தார்கள். 136. இரண்டு வாரம் கழித்து மாத்திரை 15 ஆனது. மறுபடி சோடியம். 137. மகள் மாலையில் கோயில் வரைக்கும் கூட நடந்தார். அதுவும் வைத்தியத்தில் சேர்த்திதான்.

முதல் மூன்று வாரம் பெரிதாக ஒன்றும் நடக்கவில்லை. மருமகன் "அப்பவே சொன்னேன்ல" என்ற முகத்தோடு திரிந்தார். ஐந்தாம் வாரம் பேப்பர் வாசலிலிருந்து உள்ளே வந்தது. ஏழாம் வாரம் ஒரு காலையில் டீச்சரம்மா மூன்றாவது இட்லியைப் பிட்டுக்கொண்டே, "சட்னியில உப்பே இல்ல, யார் அரைச்சது?" என்று கேட்டார். மருமகன் எழுந்துபோய் உப்பு ஜாடியை எடுத்துவந்தார்.

மஞ்சப்பை இப்போதும் அதே ஆணியில்தான் தொங்குகிறது. பக்கத்தில் தினசரி காலண்டரின் அட்டையில் ஒரு தாள் ஒட்டியிருக்கிறது. மாத்திரையின் பெயர், அளவு, வேளை, யார் எழுதியது, எதற்காக. எல்லாம் டீச்சரம்மாவின் குண்டு குண்டான கையெழுத்து. எந்த டாக்டரிடம் போனாலும் அந்தத் தாளும் கூடப் போகிறது.

அடுத்த விடுமுறையில் தாத்தா பாட்டி வீட்டுக்குப் போகிறவர்கள் அந்தப் பையை ஒரு முறை கொட்டிப் பாருங்கள். எதையும் நீங்களாக நிறுத்தவோ கூட்டவோ வேண்டாம், எழுதி எடுத்துக்கொண்டு டாக்டரிடம் காட்டினால் போதும். "நான் இருந்து என்ன பண்ணப்போறேன்" என்று காதில் விழுந்தால் பக்கத்தில் உட்காருங்கள். ராத்திரி மூன்று மணிக்குப் பேச ஆள் வேண்டுமென்றால், 2022-ல் மத்திய அரசு தொடங்கிய டெலி மானஸ் எண் 14416. தமிழில் பேசலாம், காசு கிடையாது.