கிட்டானோவின் முகம்

விடுமுறைக்கு நோட்டன் பிரிட்ஜுக்கு வந்திருந்த மருமகன், மழை விடாத ஒரு பின்னேரத்தில் மடிக்கணினியைத் திறந்து, "மாமா, இதப் பாருங்க, சிரிச்சி வயிறு வலிக்கும்" என்றான். ஜப்பானியச் சித்திரக்கதை, மங்கா என்கிறார்கள். முத்து காமிக்ஸின் இரும்புக்கை மாயாவியோடு சித்திரக்கதை வாசிப்பை நிறுத்திவிட்ட எனக்கு, வலமிருந்து இடமாகப் படிக்கப் பழகவே சிறிது நேரம் பிடித்தது.

நொரிஹிரோ யாகி வரைந்த 'ஏஞ்சல் டென்செட்சு' 1992 முதல் 2000 வரை மாத இதழொன்றில் தொடராக வந்து, 15 தொகுதிகளாக நூலுருப் பெற்றது. தேவதூதன் புராணம் எனலாம். கதாநாயகன் கிட்டானோ பள்ளி மாணவன். ஈ எறும்புக்கும் தீங்கு நினையாதவன். ஆனால் வெளிறிய முகம், இல்லாத புருவம், புள்ளியளவான கருவிழி. புதிய பள்ளிக்குள் அவன் நுழைந்ததும் ஆசிரியர்கள் உட்பட எல்லோரும் நடுங்குகிறார்கள். பள்ளியின் சண்டியனான குரோடா பயத்தினாலேயே அவனுக்கு அடங்கிப்போகிறான். கிட்டானோவோ தனக்கொரு நண்பன் கிடைத்துவிட்டதாக மகிழ்கிறான்.

நமக்கு இது புதிதல்ல. எம்.ஜி.ஆர். படங்களில் எம்.என். நம்பியாரைத் திட்டித் தீர்த்த தலைமுறை எங்களுடையது. அவர் மதுவைத் தொடாதவர், பல பத்தாண்டுகள் சபரிமலை சென்ற குருசாமி என்பதெல்லாம் பின்னாளில் தெரிந்த சங்கதி. ஆயினும் நம்பியார் அந்த முகத்தைத் திரையில் வேண்டுமென்றே அணிந்தார். கிட்டானோவுக்கு அந்த வசதி இல்லை.

ஐந்தாறு அத்தியாயங்கள் வரை நானும் சிரித்தேன். பிறகு என் வகுப்புத் தோழன் ஒருவன் நினைவுக்கு வந்தான்.

அணைக்கட்டுக்கு மேலேயுள்ள தோட்டமொன்றின் லயத்துப் பிள்ளை. குழந்தையில் அடுப்பில் விழுந்ததால் இடது கன்னம் சுருங்கி, ஒரு கண் பாதி மூடியிருக்கும். அவன் சிரித்தால் முறைப்பது போலத் தோன்றும். மழைக்காலத்தில் ஓடை பெருகினால் சின்னப் பிள்ளைகளைத் தூக்கி அக்கரை சேர்ப்பவன் அவன்தான். புதிதாகச் சேர்ந்த பிள்ளைகள் அவன் தோளிலிருந்தபடியே அலறும்.

1996 ஜனவரியில் மத்திய வங்கிக் குண்டுவெடிப்புக்குப் பின்னர் கொழும்பில் சுற்றிவளைப்புகள் மிகுந்தன. புறக்கோட்டைக் கடையொன்றில் மூட்டை தூக்கிக்கொண்டிருந்த அவனையும் பிடித்துச் சென்றார்கள். கடை முதலாளி எங்கள் பத்திரிகை அலுவலகத்துக்குத் தொலைபேசியில் பேசினார். "தம்பி, ஒங்க ஊர்ப் பையன். பத்திரிகைக்காரர் நீங்க வந்து ஒரு வார்த்த சொன்னா விட்டுருவாங்க" என்றார்.

நான் அன்று போகவில்லை. வேலை இருந்தது என்று சொல்லலாம், இருந்ததும் உண்மைதான். ஆனால் பாடசாலையை விட்ட பத்தாண்டுகளில் அவன் யாரோடு பழகினான், எனக்கென்ன தெரியும் என்றொரு கேள்வி இரவு முழுதும் இருந்தது. வேறு முகமுள்ள தோழனாயிருந்தால் அக்கேள்வி எழுந்திருக்குமா? எழுந்திராது.

மறுநாள் பிற்பகல் போனேன். ஒரு வார்த்தைதான் சொன்னேன், விட்டுவிட்டார்கள். வெளியே வந்தவன் என்னைக் கண்டு சிரித்தான். வாசலில் நின்ற காவலர் சட்டென்று துப்பாக்கியை இறுகப் பிடித்தார்.

"மச்சான், என்னால ஒன் வேல கெட்டுப்போச்சே" என்றான்.

ஊருக்கே திரும்பிவிட்ட அவன் இப்போதும் அதே தோட்டத்தில்தான் இருக்கிறான். நான் வந்திருப்பது தெரிந்தால் பை நிறைய லீக்ஸும் கரட்டும் கொண்டுவருவான். அந்த ஓர் இரவைப் பற்றி இன்றுவரை அவனிடம் நான் சொன்னதில்லை.