தொண்டையில் வெள்ளைப் புள்ளிகள்

எங்கள் ஊரில் தொண்டை வலித்தால் ‘உள்நாக்கு வளர்ந்துவிட்டது’ என்பார்கள். உள்நாக்கு என்பது நடுவில் தொங்கும் சிறு சதை. பெரும்பாலும் வீங்குவதோ அதன் இருமருங்கிலும் உள்ள டான்சில்கள். மொழியியல் பயின்ற காதுக்கு இந்தப் பெயர்மாற்றம் உறுத்தினாலும் அதனால் நோயாளிக்குக் கேடொன்றும் இல்லை. காரணத்தை மாற்றிக்கொள்வதில்தான் கேடு.

தில்லி விடுதியில் சென்ற குளிர்காலத்தில் என் அறைத்தோழியின் டான்சில்களில் வெள்ளைப் புள்ளிகள் தோன்றின. கடுங்காய்ச்சல், விழுங்க முடியாத வலி, கழுத்தில் நெறிகட்டு. இருமல் மட்டும் இல்லை. அடுத்த அறையிலிருந்து யாரோ தின்று மீந்த அசித்ரோமைசின் அட்டை அன்போடு வந்து சேர்ந்தது. அதில் இரண்டு மாத்திரைகள் இருந்தன.

தொண்டைவலிகளில் பெரும்பாலானவை வைரஸால் வருபவை. அவற்றுக்கு அந்த இரண்டு மாத்திரைகளால் பயனே இல்லை. உப்பிட்ட வெந்நீரில் கொப்பளிப்பும் பாராசிட்டமாலும் ஓய்வும் போதும், ஒரு வாரத்தில் தணியும். ஆனால் தோழிக்கு இருந்த குறிகள் ஸ்ட்ரெப்டோகாக்கஸ் என்னும் பாக்டீரியாவை ஐயுற வைப்பவை. மருத்துவர் தொண்டையில் பஞ்சுக்குச்சியால் தடவிச் சோதித்து அதையே உறுதிசெய்தார். அமாக்சிசிலின் 10 நாள் எழுதிக்கொடுத்தார். மூன்றாம் நாளே வலி போய்விடும். பலரும் மருந்தை நிறுத்துவது அன்றுதான். சரியாக மருத்துவம் பெறாத ஸ்ட்ரெப் தொற்று, சிறுவர்களுக்கும் பதின்வயதினருக்கும் சில வாரங்கள் கழித்து வாதக்காய்ச்சலாகத் திரும்பி இதய வால்வுகளைத் தழும்பாக்கக்கூடும். வால்வு சுருங்கி அறுவைக்குக் காத்திருக்கும் இளம்பெண்கள் நம் நாட்டில் இன்றும் உண்டு. அவர்களில் பலருக்குச் சிறுவயதில் வந்த அந்தத் தொண்டைவலி நினைவில்கூட இல்லை.

எல்லா வெள்ளையும் தொற்றன்று. டான்சில் குழிகளில் துணுக்குகள் இறுகிக் கற்களாவதுண்டு. வலியைவிட வாய்நாற்றமே மிகுதி. ஆஸ்துமாவுக்கு ஸ்டீராய்டு இன்ஹேலர் இழுப்பவர்கள் வாய் கொப்பளிக்காவிட்டால் பூஞ்சை படரும்.

அஞ்ச வேண்டியது ஒன்று உண்டு. புள்ளியாக நில்லாமல் சாம்பல்நிறத் தோலாகப் படர்ந்து, துடைத்தால் குருதி கசிவது டிப்தீரியா. தமிழில் அது தொண்டை அடைப்பான். இந்தியில் கல்கோண்ட்டூ, கழுத்தை நெரிப்பது. இரு மொழிகளும் மிகையின்றியே பெயரிட்டிருக்கின்றன. அதற்கு ஆன்டிபயாடிக் மட்டும் போதாது, நச்சுமுறி மருந்தும் வேண்டும். எனவே அன்றைக்கே மருத்துவமனை. மூச்சுத் திணறினாலோ, எச்சிலை விழுங்க முடியாமல் வாயில் வழிந்தாலோ, வாய் திறக்க வராவிட்டாலோ, விடிவதற்குக்கூடக் காத்திருக்கலாகாது.