அழிச்சுட்டு முதல்ல இருந்து...

கம்ப்யூட்டர் கேம்ல சேவ் பண்ணி வெச்ச ஆட்டத்தை அழிக்கப் போனா, அது உடனே அழிச்சுடாது. "நிஜமாவே அழிக்கணுமா?"ன்னு ஒரு தடவை கேக்கும். நிறைய கேம்கள்ல அந்த நேரத்துல அம்புக்குறி "வேண்டாம்" மேலதான் நிக்கும். கேமை எழுதினவங்களுக்கே தெரிஞ்சிருக்கு, இந்த வேலையை ராத்திரி பன்னண்டு மணிக்குக் கோவத்துல பண்றவங்கதான் ஜாஸ்தின்னு. அறுபது எழுபது மணி நேரம் உக்காந்து ஆடினது, ஒரே பட்டன்ல காலி. அப்படியும் அழிக்கிறாங்க. கை தவறி இல்ல, தெரிஞ்சே.

இதுக்கு முன்னாடி இருந்த தலைமுறைக்கு இந்தப் பிரச்சினையே கிடையாது. தொண்ணூறுகள்ல நம்ம ஊருக்கு வந்த டிவி கேம்ல, அந்த மஞ்சள் கலர் கேசட்ல, "9999999 கேம்ஸ்"னு போட்டிருக்கும். உள்ள இருக்கறது என்னவோ ஏழெட்டு கேம்தான், அதையே திருப்பித் திருப்பிப் போட்டிருப்பான். மரியோ (1985), கான்ட்ரா எல்லாம் அதுல ஆடினதுதான். எதுலயும் சேவ் கிடையாது. கான்ட்ராவுல கடைசி ஸ்டேஜ் வரைக்கும் போயிருப்பீங்க, அம்மா வந்து சீரியல் பாக்கணும்னு ஸ்விட்சை அணைச்சா போச்சு. 2008க்கு அப்புறம் அஞ்சாறு வருஷம் தமிழ்நாட்டுல அம்மா அணைக்கவே வேண்டியதில்ல, மின்வாரியமே பாத்துக்கிச்சு. :-) தினமும் முதல்ல இருந்துதான். யாரும் அதைப் பெரிய சோகமா எடுத்துக்கிட்டதா தெரியல. எங்க குதிக்கணும், எங்க குனியணும்னு விரலுக்கே தெரிஞ்சிருந்தது. சேவ் ஆனது கேசட்ல இல்ல, விரல்ல.

அமெரிக்காவுல 1987ல வந்த 'லெஜண்ட் ஆஃப் ஜெல்டா' கேசட்டுக்குள்ள ஒரு சின்ன பேட்டரி வெச்சாங்க. ஆட்டத்தை அணைச்சாலும் அந்த பேட்டரி நினைவகத்தை உயிரோட வெச்சிருக்கும். 1996ல ஜப்பான்ல வந்த முதல் போக்கிமான் கேசட்லயும் அதே ஏற்பாடுதான். ஆனா அதுல ஒரு குசும்பு உண்டு. ஒரு கேசட்டுக்கு ஒரே ஒரு சேவ்தான். புதுசா ஆரம்பிச்சு சேவ் பண்ணணும்னா பழையது போகணும். நீங்க பேர் வெச்சு, சண்டைக்கு விட்டு வளத்த அத்தனை ஜந்துவும் போகணும். அண்ணனும் தம்பியும் ஒரே கேசட்டை வெச்சிருந்த வீடுகள்ல என்ன நடந்திருக்கும்னு சொல்லவே வேண்டாம். சரி, அழிக்காமலே பத்திரமா வெச்சுக்கலாம்னு பாத்தா அதுவும் முடியாது. அந்த பேட்டரிக்கு ஆயுசு உண்டு. தொண்ணூறுகள்ல வாங்கின கேசட்டை இன்னிக்கு எடுத்துப் போட்டா, நிறைய கேசட்ல ஒண்ணுமே இருக்காது. யாருமே அழிக்கல, தானா அழிஞ்சிருக்கும்.

நம்ம பசங்க நிஜமாவே சேவ்னா என்னன்னு கத்துக்கிட்டது வைஸ் சிட்டியிலதான். 2002ல ப்ளேஸ்டேஷன் 2ல வந்து, 2003ல கம்ப்யூட்டருக்கு வந்தது. வீட்டுக்குள்ள போனா ஒரு பாட்டு கேசட் சுத்திக்கிட்டு நிக்கும், அது மேல போய் நின்னா சேவ். எட்டு இடம் இருக்கும். பிரவுசிங் சென்டர்ல அந்த எட்டும் எட்டுப் பேரோடது. ஒன்பதாவது ஆள் வந்தா யாரோ ஒருத்தர் தலையில கை வைக்கணும். நோட்டோட கடைசிப் பக்கத்துல சீட் கோட் எழுதி வெச்சுக்காத பையன் அப்ப யாரு? பீரங்கி வண்டி வர்றதுக்கு ஒண்ணு, போலீஸ் போறதுக்கு ஒண்ணு, துப்பாக்கி மொத்தமும் வர்றதுக்கு ஒண்ணு. அதுலயே ஒரு விவகாரமான கோட் உண்டு. அடிச்சா தெருவுல போற வர்ற ஜனம் எல்லாம் நம்மளை அடிக்க வரும். முதல் அஞ்சு நிமிஷம் செம ஜாலி. மறதியா அப்படியே சேவ் பண்ணிட்டா முடிஞ்சுது கதை. அதைத் திருப்பி எடுக்க வழியே கிடையாது. அந்த ஊர்ல காலத்துக்கும் எல்லாரும் உங்களுக்கு எதிரி. பழைய சேவ் ஒண்ணு மிச்சமிருந்தா பிழைச்சீங்க, இல்லேன்னா முதல்ல இருந்துதான்.

அந்த அளவுக்குப் போகாதவங்களும் அழிச்சாங்க. எல்லா ஆயுதமும் இருக்கு, எவ்வளவு வேணுமோ அவ்வளவு காசு இருக்கு, செய்யறதுக்குத்தான் ஒண்ணும் இல்ல. முதல் நாள் ஒரு ஸ்கூட்டர் கிடைச்சதுக்கே குதிச்சோமே, அந்த சந்தோஷத்தைத் திருப்பி வாங்கத்தான் அழிக்கிறது. அது முழுசாக் கிடைக்காதுங்கறது வேற விஷயம். ஊரு புதுசு ஆகும், ஆடறவன் புதுசு ஆக மாட்டானே.

பி.காம் படிக்கிறவங்களுக்கு இது சட்டுனு புரியும். மார்ச் 31 ராத்திரி எல்லாக் கணக்கும் அழியறதில்ல. பெயரளவுக் கணக்குகள் மட்டும், அதாவது சம்பளம், வாடகை, கமிஷன் மாதிரி வரவு செலவு எல்லாம், லாப நட்டக் கணக்குல போய் முடிஞ்சு பூஜ்யமாயிடும். சொத்துக் கணக்கும் ஆள்சார் கணக்கும் அப்படியே அடுத்த வருஷத்துக்கு ஆரம்ப இருப்பா வந்து நிக்கும். புதுக் கணக்கு நோட்டுக்கு மஞ்சள் தடவி, பிள்ளையார் சுழி போட்டு ஆரம்பிக்கிற கடைக்காரர், போன வருஷம் கடன் வாங்கினவன் பேரை மறந்துடுவாரா என்ன? நோட்டுதான் புதுசு, பாக்கி பழசு. ஆட்டத்தை அழிக்கிறவனுக்கும் போறது பெயரளவுக் கணக்கு மட்டும்தான். கை பழகினது, எந்தச் சந்துல எவன் ஒளிஞ்சிருப்பான்னு தெரிஞ்சது எல்லாம் ஆரம்ப இருப்பு.

இந்த இடத்துல ஆரம்பாக்கத்துக்கு வரலாம். பேர்லயே ஆரம்பம் இருக்குன்னு கடி ஜோக் அடிக்க மட்டும் இல்ல. சென்னையில இருந்து கூடூர் போற ரயில் பாதையில தமிழ்நாட்டோட கடைசி ஸ்டேஷன் அது. கும்மிடிப்பூண்டி, எளாவூர், ஆரம்பாக்கம், அப்புறம் தடா. தடா வந்தா ஆந்திரா. நமக்குக் கடைசி, எதிர்ல இருந்து வர்றவங்களுக்கு அதுதான் முதல் ஊர். கிழக்கால பழவேற்காடு ஏரி. அதுக்கு அந்தப் பக்கம் ஸ்ரீஹரிகோட்டா. ராக்கெட் கிளம்பினா இந்தக் கரையில இருந்தே பாக்கலாம். ராக்கெட் விடற நாள்ல மீனவர்கள் கடலுக்குப் போகக்கூடாதுன்னு முன்கூட்டியே அறிவிப்பு வந்துடும்.

2019 ஜூலை 15 விடியக்காலை சந்திரயான் 2 கிளம்பறதா இருந்தது. 56 நிமிஷம் பாக்கி இருக்கும்போது நிறுத்திட்டாங்க. ஜூலை 22ல கிளம்பிச்சு. செப்டம்பர் 7ல விக்ரம் நிலாவுல இறங்கும்போது கடைசி நேரத்துல தொடர்பு போச்சு. அப்புறம் 2023 ஜூலை 14, மறுபடியும் அதே ஸ்ரீஹரிகோட்டா. ஆகஸ்ட் 23ல இறங்கிடுச்சு. அந்தத் திட்ட இயக்குநர் வீரமுத்துவேல் விழுப்புரத்துக்காரர்ங்கறது எல்லாருக்கும் தெரியும். அவ்வளவா பேசப்படாத விஷயம் என்னன்னா, சந்திரயான் 3ல புதுசா ஆர்பிட்டர் அனுப்பவே இல்ல. 2019ல போனது நிலாவை இன்னும் நல்லபடியா சுத்திக்கிட்டு இருந்ததால, தகவல் அனுப்ப அதையும் சேத்துக்கிட்டாங்க. லேண்டரோட காலைப் பலமாக்கினாங்க. இறங்கற இடத்தை அரை கிலோமீட்டர் சதுரத்துல இருந்து 4 கிலோமீட்டருக்கு 2.4 கிலோமீட்டர்னு பெருசாக்கினாங்க. கேம் பாஷையில இதுக்குப் பேர் 'நியூ கேம் பிளஸ்'. 1995ல வந்த 'க்ரோனோ ட்ரிக்கர்'ல இருந்து வந்த பேர் அது. கதை முதல்ல இருந்து, சேத்து வெச்ச பலம் அப்படியே.

சி.ஏ. எழுதறவங்க இதைப் படிச்சுட்டு ஒரு பெருமூச்சு விடுவாங்க. ஒவ்வொரு பேப்பர்லயும் 40 வேணும், குரூப் மொத்தத்துல 50 சதவீதம் வேணும். ஒண்ணுல 38 வாங்கினா மொத்த குரூப்பும் போச்சு. ஆனா ஒரு பேப்பர்ல 60 தாண்டியிருந்தா அடுத்த மூணு முயற்சிக்கு அதைத் திருப்பி எழுத வேண்டியதில்ல. 59 வாங்கினவன் நிலைமை இருக்கே, அதுக்கு எந்த கேம்லயும் உதாரணம் கிடையாது.

ஏரிக்கே திரும்பிப் போகலாம். தெற்கு முனையில, பழவேற்காடு பக்கத்து மீனவ கிராமங்கள்ல 'பாடு'ன்னு ஒரு முறை இருக்கு. முகத்துவாரத்துக்குப் பக்கத்துல இறாலுக்கு வலை கட்டற இடம் எல்லாம் ஒரே மாதிரி கிடையாது. சில இடத்துல அள்ளலாம், சில இடத்துல கூலிக்கே கட்டாது. முந்தினவனுக்கு நல்ல இடம்னு விட்டா தினமும் அடிதடிதான். அதனால சீட்டு குலுக்கி முறை வெச்சு, இடத்தை மாத்திக்கிட்டே போறாங்க. நேத்து நல்ல இடம் கிடைச்சவர் இன்னிக்கு வேற இடத்துக்குப் போகணும். நேத்து எவ்வளவு பிடிச்சேன்னு சொல்லி அங்கயே நிக்க முடியாது. பாடுன்னா உழைப்பு, கஷ்டம்னும் அர்த்தம் இருக்கறது தனி அழகு. கேம் ஆடறவன் அழிக்கிறது அவன் ஒருத்தனோட ஆட்டத்தை. இங்க ஊரே உக்காந்து பேசி, எல்லாரோட நேத்தையும் சேத்து அழிக்குது. யாரும் ரொம்ப முன்னாடி ஓடிடக் கூடாதுங்கறதுக்காக. பொருளாதாரப் புத்தகத்துல இதுக்கு ஒரு தனி அத்தியாயமே குடுக்கலாம்.

அடுத்தவன் அழிச்சா அது வேற கதை. 2020 செப்டம்பர் 2ல மத்திய அரசு 118 ஆப்களைத் தடை பண்ணுச்சு, அதுல பப்ஜியும் ஒண்ணு. ஏற்கெனவே போன்ல வெச்சிருந்தவங்க கொஞ்ச நாள் ஆடினாங்க. அக்டோபர் 30ல சர்வரையே நிறுத்திட்டாங்க. வாங்கின சட்டை, துப்பாக்கி, ஏறின பதவி எல்லாம் அவங்க போன்லயே இருந்தது இல்லங்கறது அன்னிக்குத்தான் நிறைய பேருக்கு உறைச்சுது. 2021 ஜூலைல வேற பேர்ல அதுவே வந்தப்ப, பழைய கணக்கை மாத்திக்க வழி குடுத்தாங்க. பசங்க அழுததைப் பாத்து அப்ப ஊரே சிரிச்சுது. கேம்தானே! இதே ஏரியில ஸ்ரீஹரிகோட்டாத் தீவு ஏவுதளத்துக்குன்னு 1969ல முடிவானதுக்கு அப்புறம், அங்க இருந்த குடும்பங்கள் வீடு, வலை கட்டின இடம் எல்லாத்தையும் விட்டுட்டு வேற கரையில முதல்ல இருந்து ஆரம்பிச்சாங்க. பப்ஜியையும் இதையும் ஒரே பத்தியில வெக்கறது கொஞ்சம் அசிங்கமாத்தான் இருக்கு. ஆனா "முதல்ல இருந்து ஆரம்பிக்கிறது நல்லது"ன்னு பொத்தாம்பொதுவா அறிவுரை சொல்றவங்க, பட்டனை அழுத்தினது யாருன்னு ஒரு தடவை கேட்டுட்டுச் சொல்லணும்.

அழிக்கிறதை வெச்சே ஒரு கேம் முடியுதுன்னா நம்புவீங்களா? 2017ல வந்த 'நியர்: ஆட்டோமேட்டா'. இயக்கினவர் ஜப்பான்காரர் யோகோ டாரோ. கடைசி முடிவுல, பேர் ஓடற நேரத்துல ஒரு சண்டை வரும். தனியா ஜெயிக்கறது ரொம்ப ரொம்பக் கஷ்டம். செத்துச் செத்து விழுந்த பிறகு, உதவி வேணுமான்னு கேக்கும். வேணும்னா, உலகத்துல எங்கெங்கயோ இருக்கற முகம் தெரியாத ஆட்டக்காரங்க உங்களைச் சுத்தி வந்து நிப்பாங்க. உங்க மேல வர்ற குண்டை அவங்க வாங்கிக்குவாங்க. ஒவ்வொரு தடவையும், இன்னாரோட டேட்டா போச்சுன்னு திரையில வரும். ஜெயிச்ச பிறகு உங்களைக் கேக்கும். நீயும் இப்படி யாருக்காவது உதவணுமா? அப்படின்னா உன் சேவ் மொத்தத்தையும் குடுத்துடணும். யாருக்குப் போகும்னு நீ தேர்ந்தெடுக்க முடியாது. அது உனக்குச் சுத்தமாப் பிடிக்காத ஆளாக்கூட இருக்கலாம். அப்பவும் சரியா? திருப்பித் திருப்பிக் கேட்டுட்டு, சரின்னா கண்ணு முன்னாடியே ஒவ்வொண்ணா அழிக்கும். நிறைய பேர் குடுத்திருக்காங்க. அம்பது மணி நேர உழைப்பை, நன்றி சொல்லக்கூட வழி இல்லாத ஒருத்தனுக்கு. போகியன்னிக்குப் பழசைக் கொளுத்தறோம், ஆனா நல்ல பாயை யாரும் கொளுத்தறதில்லையே!

அழிக்கவே கூடாதுன்னு ஒரு பையன் முடிவு பண்ணினதையும் சொல்லிடணும். 2014ல அவனே இணையத்துல எழுதினது, உலகம் முழுக்கப் பரவிச்சு. அவனுக்கு ஆறு வயசா இருக்கும்போது அப்பா செத்துட்டார். அப்பா வாங்கிக் குடுத்த எக்ஸ்பாக்ஸைப் பத்து வருஷம் அவன் தொடவே இல்ல. அப்புறம் ஒரு நாள் போட்டுப் பாத்தா, ரெண்டு பேரும் சேந்து ஆடின 'ராலிஸ்போர்ட் சேலஞ்ச்'ங்கற கார் ரேஸ் அதுல அப்படியே இருக்கு. அந்த மாதிரி கேம்ல, யாரு ரொம்ப வேகமா முடிச்சாங்களோ அவங்க ஓட்டினது ஒரு ஆவி மாதிரி நிழல் காரா பக்கத்துல ஓடும். அவங்க அப்பா ஓட்டின கார் அங்க ஓடிக்கிட்டு இருந்துது. பையன் ஆடினான், ஆடினான், அப்பாவைத் தோக்கடிக்கிற அளவுக்குத் தேறிட்டான். ஆனா ஜெயிச்சா அந்த நேரம் அழிஞ்சு இவனோடது பதிவாயிடும், நிழல் கார் போயிடும். அதனால கோட்டுக்குக் கொஞ்சம் முன்னாடி வண்டியை நிறுத்திட்டானாம், அப்பா போகட்டும்னு.